சூரியனைக் குத்தகைக்கு எடுத்தவர்

மனிதரில் ஓர் இனம் உண்டு. அவர்கள் வீட்டுக்கு நீங்கள் எந்தக் காரியமாகப் போனாலும் சரி, குடிக்கத் தண்ணீர் வருவதற்கு முன்னால் உங்களை மொட்டை மாடிக்குப் படியேற்றிவிடுவார்கள். அங்கே நீலமும் கறுப்புமாகச் சாய்ந்து படுத்திருக்கும் சோலார் பேனல்களைக் காட்டுவார்கள். நீங்கள் பார்த்து வியக்க வேண்டும். வியக்காவிட்டால் இறங்க விடமாட்டார்கள். வெயில் மண்டையைப் பிளக்கும். நீங்கள் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நிற்பீர்கள். அவர்களோ வழிகிற வேர்வையைத் துடைக்காமல், சூரியனைத் தம் செலவில் வளர்த்து ஆளாக்கியவர்கள் போல ஒரு பெருமூச்சு விடுவார்கள். பிறகு, "இனிமே நான் யார் தயவுலயும் இல்லை" என்பார்கள்.

இந்த இனத்துக்குச் சூரியனார் என்று பெயர். நான் வைத்ததல்ல. ஒரு தெருவில் ஒருவருக்கு, அவர் காதுக்கு எட்டாத தூரத்தில் வைக்கப்பட்டது. பொருத்தமாக இருந்ததால் இனம் முழுவதற்கும் எடுத்துக்கொண்டேன். அந்த ஒருவரைப் பார்த்தால் போதும். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம்.

அவர் காப்பீட்டு அலுவலகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். ஆபத்துக்கு ஒரு துணை வேண்டும் என்று ஆயுள் முழுக்க மற்றவர்களுக்குச் சொல்லி விற்றவர், ஓய்வு பெற்றதும் தனக்கு எந்தத் துணையும் வேண்டாம் என்று முடிவெடுத்து மாடியில் பேனல் போட்டார். அன்று முதல் அவருக்குப் பருவங்கள் மாறிவிட்டன. மேகம் என்பது மழை தரும் பொருளாக இல்லாமல் சொந்தப் பகையாளியாகிவிட்டது. புறாக்கள் அவரைக் குறிவைத்தே பறந்தன. பக்கத்து வீட்டு மரம் மாலையில் நிழலை நீட்டினால், வாய்க்கால் வரப்பைத் தாண்டி வந்து உழுதவனைப் பார்ப்பது போலப் பார்த்தார். விளைச்சலைக் காட்டும் வளைகோடு கைபேசியில் ஓடும். அதை அவர் பார்த்த நேரத்தில் பாதியைக் கட்டிய மனைவியின் முகத்துக்குக் கொடுத்திருந்தால் அவர்கள் குடும்பமே வேறு மாதிரி இருந்திருக்கும். வெளியூரில் இருந்து மகன் கூப்பிட்டு உடம்பு எப்படி இருக்கிறது என்று கேட்டால், "இப்பதான் நாலு யூனிட்டைத் தாண்டிருக்கு" என்று பதில் வரும். மகனும் சரிப்பா என்று வைத்துவிடுவான். வேறு என்ன சொல்வான்?

நீங்கள் குதர்க்கக்காரராக இருந்து, ராத்திரி என்ன செய்கிறீர்கள் என்று கேட்டுவிட்டால் அவர் முகத்தில் ஒரு பெருந்தன்மை வரும். பகலில் மிஞ்சியதை ஊருக்குக் கொடுத்து வைத்து இரவில் திரும்ப வாங்கிக்கொள்வதாகச் சொல்வார். மின்சாரம் என்ன பித்தளைக் குடமா, கொடுத்து வைத்துத் திரும்ப வாங்க? மதியம் அவர் மாடியில் இருந்து போனது, அந்த மதியமே தெருமுனைச் சலூனில் யாரோ ஒருவருடைய ஈரத் தலையை உலர்த்திவிட்டு மறைந்துவிட்டது. இரவில் அவர் படுக்கையறை மின்விசிறி சுற்றுவதற்காக எங்கோ ஒரு நிலையத்தில் யாரோ கண்விழித்துக்கொண்டிருக்கிறார்கள். கணக்கில் கழித்துக்கொள்கிறார்கள், அவ்வளவுதான். ஆனால் கணக்கு நேரானால் கடன் இல்லை என்றும், கடன் இல்லையென்றால் உறவும் இல்லை என்றும் நினைக்கிற புத்தி அவருடையது மட்டுமல்ல. ஆகையால் இந்த இடத்தில் நான் அதிகம் சிரிக்கமாட்டேன்.

எதிர் வீட்டில் இருந்தவர் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் மாஸ்டர். நாள் முழுக்கப் பிறர் ஓட்டும் வண்டியில் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து உயிரைப் பிடித்துக்கொண்டிருப்பவர். அதனால் எதற்கும் பதறுவதில்லை. பேனல் வந்த வாரத்தில் சூரியனார் தம் வீட்டுப் பழைய இன்வெர்ட்டரையும் அதன் பேட்டரியையும் கழற்றி இந்த மாஸ்டருக்குச் சும்மாவே கொடுத்துவிட்டார். சும்மா என்றால் பணம் வாங்கவில்லை. கூடவே ஒரு சொற்பொழிவு போனது. சுதந்திரம் பெற்றவன் வீட்டில் விலங்கு எதற்கு என்பது அதன் சாரம். மாஸ்டர் முழுவதையும் கேட்டார். கேட்டுவிட்டுப் பேட்டரியைத் தூக்கிக்கொண்டு போனார்.

அதன் பிறகும் தெருவில் மின்சாரம் போகத்தான் செய்தது. ஆனால் போனதெல்லாம் இருட்டிய பிறகு போனது. சூரியனே இல்லாத நேரத்தில் சூரியனாருக்கு என்ன அவமானம்? இருட்டில் பொறுமையாக உட்கார்ந்து, பகலாக இருந்தால் தெரிந்திருக்கும் என்று மனைவியிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

பகலும் வந்தது. கம்பிகளைச் சீர்செய்ய நாளை காலையில் இருந்து மாலை வரை மின்சாரம் நிறுத்தப்படும் என்று அறிவிப்பு வந்தது. அவர் மனைவி வீட்டிலேயே மோட்டார் மிஷின் வைத்துத் தைப்பவர். ஒரு பள்ளிக்கூட நாடகத்துக்கு மர வேடங்கள் தைத்துக்கொண்டிருந்தார். மேடையில் காடாக நிற்கப்போகும் சின்னப் பிள்ளைகளுக்குப் பச்சை அங்கிகள். மறுநாள் மாலை நாடகம். பாதிக் காடு இன்னும் துணியாகவே கிடந்தது. ராத்திரியே உட்கார்ந்து முடித்துவிடட்டுமா என்று அவர் கேட்டார்.

"எதுக்கு? நாளைக்கு ஊரே அணைஞ்சு கிடக்கும்போது நீ நம்ம கரண்ட்ல தை" என்றார் சூரியனார்.

அத்தோடு விட்டாரா? வாசலில் நின்று எதிர் வீட்டு மாஸ்டரைக் கூப்பிட்டு, "தம்பி, நாளைக்குக் கஷ்டமா இருந்தா சொல்லுங்க, நம்ம வீட்ல இருந்து ஒரு ஒயர் விடறேன்" என்றார். மாஸ்டர் சரிண்ணே என்றார்.

மறுநாள் வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லை. சூரியனார் கைபேசியும் கையுமாகக் கூடத்தில் உட்கார்ந்திருந்தார். உள்ளே மிஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. மின்சாரம் போனது. மிஷின் நின்றது. மின்விசிறி தளர்ந்து, தயங்கி, நின்றது. மாடிப்படிக்குக் கீழே சுவரில் இருந்த பெட்டி, பேனல்களின் மின்சாரத்தை வீட்டுக்கு வாங்கித் தரும் அந்தப் பெட்டி, சிவப்பாக ஒரு கண்ணைத் திறந்துவிட்டு ஊமையானது. வளைகோடு மலையின் உச்சியில் இருந்து நேராகக் கிணற்றில் விழுந்தது. வெளியே வெயிலோ, அள்ளிக் குடிக்கலாம் போலக் கொட்டிக்கொண்டிருந்தது.

முதலில் பெட்டியைத் தட்டினார். பிறகு மாடிக்கு ஓடி, ஏற்கெனவே பளபளத்துக்கொண்டிருந்த பேனல்களைத் துடைத்தார். பிறகு, பேனல் பொருத்திய கம்பெனியின் பொறியாளப் பெண்ணுக்கு மாடியில் நின்றபடியே போன் போட்டு, ஏமாற்றிவிட்டீர்கள் என்பதைப் பல விதமாகச் சொன்னார். அவர் மூச்சு வாங்கும் வரை அந்தப் பெண் காத்திருந்தாள். ஊர் லைனோடு சேர்த்த பேனல், ஊர் லைனில் மின்சாரம் இல்லாவிட்டால் தானாகவே நின்றுவிடும் என்று பொருத்திய அன்றைக்கே சொன்னதாகச் சொன்னாள். சொல்லியிருப்பாள். அன்று அவள் அதைச் சொல்லிக்கொண்டிருந்தபோது சூரியனார் அவளுக்குச் சூரியனைப் பற்றி விளக்கிக்கொண்டிருந்தார்.

"அந்தப் பூட்டை எடுத்து விடும்மா. இன்னைக்கு ஒரு நாளைக்கு" என்றார்.

"எடுக்கக் கூடாது சார். லைன்ல ஆளுங்க வேலை பாத்துட்டிருப்பாங்க. உங்க கரண்ட் அவங்க கைக்குத்தான் போகும்."

"என் கரண்ட் ஏம்மா அங்க போகப்போகுது? நான் என் வீட்டுக்குத்தானே கேக்கறேன்."

"அதுக்கு உங்க வீடு எது, ஊரு எதுன்னு தெரியாது சார். ஒரே கம்பி."

பதில் சொல்வதற்காகத் தலையை நிமிர்த்தியவர் கண்ணில் தெருமுனைக் கம்பம் பட்டது. அதன் உச்சியில் இடுப்பில் பட்டை கட்டிய ஒருவர், ஒரு காலைக் கொக்கியில் ஊன்றி, வெறும் கழுத்தில் வெயில் விழ, ஒரு கம்பியைக் கையில் பிடித்து அதன் முனையைச் சுரண்டிக்கொண்டிருந்தார். கீழே இருந்த கூட்டாளி எதையோ சொல்ல, மேலே இருந்தவர் சிரித்தார். சூரியனார் போனை வைத்துவிட்டார். மெதுவாகப் படியிறங்கி, ஏற்கெனவே நின்றுபோயிருந்த பெட்டியின் பக்கத்தில் இருந்த சுவிட்சின் கைப்பிடியைப் பிடித்து, அதையும் கீழே இழுத்து விட்டார். அதற்கு அவசியமே இல்லை. அவர் வாழ்நாளில் யாருக்கும் காட்டாமல் செய்த காரியங்களை எண்ண ஒரு கையின் விரல்களே அதிகம். அவற்றில் இது ஒன்று.

மனைவி வாசற்படியில் நின்றுகொண்டிருந்தார். திட்டவில்லை. மிஷின் தலையைக் கழற்றியாயிற்று என்றும், ஒரு பக்கம் பிடிக்க வேண்டும் என்றும் சொன்னார். எதிர் வீட்டில் இன்வெர்ட்டர் ஓடிக்கொண்டிருந்தது. சுதந்திரம் பெற்ற வீட்டிலிருந்து விலங்கு பூட்டிய வீட்டுக்கு, நட்ட நடுப்பகலில், தெருவின் குறுக்கே, மனைவியும் அவருமாக மிஷினைத் தூக்கிக்கொண்டு போனார்கள். மாஸ்டர் வந்து அண்ணியின் பக்கத்தை வாங்கிக்கொண்டார்.

"ஒயர் விடறேன்னீங்களே அண்ணே, எந்தப் பக்கமா விடணும்?"

குரலில் பரிகாசம் துளியும் இல்லை. அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

பழைய பேட்டரி, மோட்டாரை ஓட்டி ஓட்டிச் சீக்கிரமே முனக ஆரம்பித்தது. மாஸ்டர் விளக்கை அணைத்தார். டிவியைப் பிடுங்கினார். கடைசியில் சூரியனார் தலைக்கு மேலே ஓடிய மின்விசிறியைப் பார்த்து, நிறுத்திவிடலாமா என்று கேட்டார். தம் வீட்டிலிருந்து போன இன்வெர்ட்டர் தருகிற காற்றை நிறுத்தச் சம்மதம் கேட்கிறார்கள், என்ன சொல்வது? தலையை ஆட்டினார். புழுக்கத்தில் சும்மா உட்கார்ந்திருந்தவர் மடியில் மனைவி ஒரு கூடையை வைத்தார். நிறையத் துணி இலைகள். ஒரு ஊசி.

"இதுக்குக் கரண்ட் வேணாம். ஜன்னல் பக்கம் உக்காந்து தைங்க" என்றார்.

ஜன்னலோரம் நகர்ந்து, வெளிச்சத்துக்கு நேராக ஊசியைப் பிடித்து, நூலைக் கோத்தார். பேனல் வாங்கிய நாளில் இருந்து, சூரியனை அவர் இடையில் யாரும் இல்லாமல் நேராகப் பயன்படுத்தியது அன்றைக்குத்தான்.

காடு முடிந்தது. ஒன்றிரண்டு மரங்களின் இலைகள் தலைகீழாகத் தொங்கின. எந்த மரங்கள் என்பது மனைவிக்குத் தெரியும். பிள்ளைகளின் பெற்றோருக்குத் தெரியாது. அங்கிகள் பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்த சிறிது நேரத்தில் தெருவுக்கு மின்சாரம் திரும்பியது. சூரியனார் வீட்டுக்கு ஓடிக் கைப்பிடியை மேலே தள்ளினார். பெட்டி உடனே எழவில்லை. கம்பியில் வந்திருப்பது நிலையாக நிற்குமா என்று சில நிமிடங்கள் கவனித்துவிட்டு, பிறகு பச்சைக் கண்ணைத் திறந்தது. அவ்வளவு பணிவான ஒரு பொருளை அவ்வளவு நாள் வீட்டில் வைத்திருந்தும் அந்தப் பணிவு அவருக்கு ஒட்டவில்லை.

ஒட்டியிருந்தால் அவர் சூரியனார் ஆவாரா? அந்த வாரமே ஒரு விருந்தாளி வந்தார். தண்ணீருக்கு முன் மாடி. பேனலைக் காட்டி, தெருமுனைக் கம்பத்தைக் காட்டி, அன்று நடந்ததைச் சொன்னார்: "கம்பத்துல ஆள் ஏறறதைப் பாத்தேன். ஒருத்தன் உயிராச்சே. நானே நிறுத்திட்டேன்." விருந்தாளி நெகிழ்ந்துபோனார். எதிர் வீட்டு இன்வெர்ட்டரும் அடிப்படையில் நம்முடையதுதான் என்பதால், அன்றும் வீட்டுத் தேவைக்கு வெளியில் கையேந்தவில்லை என்றும் சேர்த்துக்கொண்டார். துணி உலர்த்திக்கொண்டிருந்த மனைவி திரும்பிப் பார்த்தார்.

"ஆமாங்க, இவருதான் நிறுத்தினாரு. அது நின்னதுக்கு அப்புறம்" என்றார்.

விருந்தாளிக்குப் புரியவில்லை. கொடியில் அடுத்த துணி ஏறியது.

உங்கள் வீட்டு மாடியில் பேனல் இல்லை; அதனால் இவ்வளவு நேரமும் நிம்மதியாகச் சிரித்தீர்கள். நல்லது. 'என் சொந்தக் காலில் நிற்கிறேன்' என்று நீங்கள் கடைசியாகச் சொன்னீர்களே, அப்போது யார் போட்ட தரையில் நின்றுகொண்டிருந்தீர்கள் என்று நான் கேட்கப்போவதில்லை. நானும் அதைச் சொன்னவன்தான். ஒரு சோதனை மட்டும் உண்டு. அடுத்த முறை உங்கள் வீட்டுக்கு ஒருவர் வந்தால் முதலில் தண்ணீர் கொடுத்துப் பாருங்கள். முடிந்தால் தப்பித்தீர்கள். முடியாவிட்டால் நான் ஒன்றும் சொல்ல வேண்டியதில்லை; உங்கள் வீட்டு மாடிப்படி எந்தப் பக்கம் என்று உங்களுக்கே தெரியும்.