ஆட்சேபணை சார்

பாம்பனில் ஆட்சேபணை சார் கை தூக்காத ஊர்க்கூட்டம் ஒன்றுகூடக் கிடையாது. வேறெங்காவது அப்படியொரு மனிதர் இருந்திருந்தால், அந்த ஊர்க்காரர்களுக்கு என் அனுதாபங்கள்.

ராமநாதபுரம் கல்லூரியில் சரித்திரப் பேராசிரியர். சொந்த ஊர் ஆர்.எஸ்.மங்கலம் பக்கம். எங்கள் வீட்டு மாடியில் குடியிருந்துகொண்டு, ஜெர்மனியில் சர்வாதிகாரத்தை எதிர்த்தவர்களைப் பற்றிப் புத்தகம் எழுதினார். கருவாடு காயும் ஊரில் ஜெர்மனிக்கு என்ன வேலை என்று எனக்கு ஒரே குறுகுறுப்பு. கேட்டால், "இங்கன காத்து நல்லா வருதுல்ல" என்பார்.

எங்கள் ஊரில் ஒரே ஒருவர் மறுத்தாலும் தீர்மானம் நிறைவேறாது. அடுத்த ஞாயிறு பூசை முடிந்துதான் மறுபடி பேச்சு. சாரும் திருவிழா வரி கட்டுகிறவர், வாயை அடைக்க முடியாது. தேருக்கு நீல விளக்குப் போடலாம் என்றோம். கை தூக்கினார்.

"நீலம் பிடிக்கலையா சார்?"

"ரொம்பப் பிடிக்கும். ஆனா ஒருத்தர்கூட மறுக்கலையே, பயமா இருக்கு."

ஊர்த் தலைவர் தலையில் அடித்துக்கொண்டார்.

அந்தத் தலைவரின் வலை ஒருநாள் அறுந்து காணாமல் போனது. பழி என் தங்கை புருஷன் அந்தோணி மேல் விழுந்தது. முந்தின நாள்தான் இருவருக்கும் சண்டை. இனி அவன் கடலுக்கே போகக் கூடாது என்று கூட்டத்தில் தீர்மானம் வந்தது. கடல் இல்லாவிட்டால் அவன் வீட்டில் அடுப்பெரியாது. சொந்தக்காரன் பேச்சு சபையில் செல்லாது என்பதால் நான் சாரைத் திரும்பிப் பார்த்தேன்.

சார் கை தூக்கினார்.

"அந்தோணி அறுக்கலன்னு ஒமக்குத் தெரியுமாய்யா?" தலைவர் கத்தினார்.

"தெரியாது. அறுத்தான்னு ஒங்களுக்குத் தெரியுமா? ஜெர்மனியில ஒரு நாடே வாயப் பொத்திக்கிட்டு இருந்துச்சு. நாலு பேரு சேந்து 'பொறுங்கப்பா'ன்னு சொல்லிருந்தா..."

"இது பாம்பன்யா!"

"அதான் இங்கன சொல்லிப் பாக்குறேன்."

அந்த வாரமே தலைவரின் படகைப் பழுது பார்க்கக் கரையேற்றினார்கள். காணாமல் போன வலை அவருடைய என்ஜின் விசிறியிலேயே சுற்றிக் கிடந்தது. தலைவர் ஒரு பெரிய சீலா மீனைத் தூக்கிக்கொண்டு அந்தோணி வீட்டுக்குப் போனார். மீனை வாசலில் வைத்துவிட்டு வந்தார்.

சார் ஓய்வுபெற்று ஊருக்குக் கிளம்பியபோது, வழியனுப்பு விழாவுக்குத் தீர்மானம் கொண்டுவந்தோம். அந்தோணி கை தூக்கினான்.

"எனக்கு ஆட்சேபணை. சார் எதுக்குப் போகணும்?"

அடுத்த ஞாயிறு மறுபடி பேச்செடுத்தோம். இந்த முறை கை தூக்கியவர் தலைவர். சாருக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது.

ஒருநாள் காலை பஸ்ஸில் அவர் பாட்டுக்குப் போய்விட்டார். தீர்மானம் மட்டும் இன்றுவரை நிறைவேறவில்லை. ஆகவே எங்கள் ஊர்க் கணக்குப்படி, சார் இன்னும் பாம்பனில்தான் இருக்கிறார்.