மஞ்சள் பூசிய சாட்சியம்

மெரிலேண்ட்ஸ்,
சிட்னி.

என் பெருமதிப்புக்குரிய மச்சான் சிறி அவர்களுக்கு,

நானும் பத்மாவும் இங்கு நலம். கனடாவில் நீரும் என் தங்கச்சியும் நலமாயிருக்க வேண்டுகிறேன். நடந்தது முழுவதும் நான் முன்கூட்டியே சொன்னது. உம்முடைய மகன் சுஜீதன் ஹோம்புஷில் பிளாட் எடுத்த அன்றே, “பக்கத்து வீட்டுக்காரனின் முழி சரியில்லை, இது கோர்ட்டில் போய்த்தான் நிற்கும்” என்றேன். நின்றது.

தன் கார்க் கண்ணாடியைச் சுஜீதன் கல்லால் உடைத்தான் என்று அந்த மனிதன் பொலிசுக்குப் போனான். குற்றவாளி என்று தீர்ப்பு வந்தால் பிள்ளையின் நிரந்தர விசா கனவாகிவிடும். ஆனால் கண்ணாடி உடைந்த வெள்ளிக்கிழமை அதே நேரம் பிள்ளை கோயிலில் நின்றவன். கையில் அர்ச்சனைத் துண்டு இருந்தது: பெயர், நட்சத்திரம், தேதி, நேரம் எல்லாம் அச்சில். “மாமா, விசாரணை வரைக்கும் இதைப் பத்திரமா வச்சிருங்கோ” என்று என்னிடம் தந்தான். பிறகு நீர் அவனுக்குப் போன் பண்ணி, “மாமாவைக் கோர்ட் பக்கம் விடாதே” என்றதும் எனக்குத் தெரியும், மச்சான். நான் கோபிக்கவில்லை. போனேன்.

நம் வீட்டில் எந்த நல்ல பத்திரம் வெறும் மூலையோடு வெளியே போயிருக்கிறது? உம்முடைய கல்யாண அழைப்பிதழ்களுக்கு மஞ்சள் தடவியதும் இந்தக் கைதான். துண்டின் நாலு மூலைக்கும் மஞ்சள் குழைத்துப் பூசினேன். பூசியது கலையக்கூடாதே என்று மெஷினில் விட்டு லாமினேட்டும் பண்ணினேன். கடை பில் மாதிரிச் சூட்டில் அச்சாகிற கடதாசியாம், சூடு பட்டதும் கொஞ்சம் நிறம் மாறியது, அவ்வளவுதான். பத்மா எட்டிப் பார்த்து, “ஐயோ, தோசைக்கல் மாதிரிக் கறுத்துப் போச்சே! பிள்ளையின்ர வாழ்க்கையெல்லோ இது!” என்று கத்தினாள். அவளுக்குச் சட்டம் தெரியாது. நான் ஊரில் ஒரு நீதவானின் வீட்டுக்கு அடுத்த வீட்டில் குடியிருந்தவன்.

கோர்ட் வாசலில் நம் சட்டத்தரணி ரைஹானா, நல்ல தமிழ்ப் பிள்ளை, அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“அங்கிள், இது என்ன?”

“சாட்சியம்.”

“எழுத்தைக் காணேல்லையே!”

“உள்ளுக்கு இருக்கு, பிள்ளை.”

உள்ளே பொலிஸ் தரப்பு வழக்கறிஞர் எழும்பி, இதில் கைவைத்தது யார், எழுத்தே தெரியாத கடதாசியை எப்படிச் சான்றாக ஏற்பது என்று ஆட்சேபித்தார். நான் பின்வரிசையில் எழும்பினேன். “இருங்கோ அங்கிள்!” என்றாள் ரைஹானா. இருக்கவில்லை. “கைவைத்தது நான்தான்! மஞ்சள் படாத பத்திரத்தை நம்புகிற நாடு உருப்படுமா?” என்று என் ஆங்கிலத்தில் முழங்கினேன். நீதவான் அம்மையார் துண்டை வெளிச்சத்தில் பிடித்து, ஒருமுறை முகர்ந்து பார்த்து, கறுப்புக்குள் இருந்த நேரத்தை எழுத்தெழுத்தாக வாசித்து, “சான்றாக ஏற்றுக்கொள்கிறேன்” என்றார். கோயில் மனேஜர் சுகிர்தன், அந்தத் துண்டைத் தன் கையாலேயே சுஜீதனுக்குக் கொடுத்ததாகச் சாட்சி சொன்னார். வழக்குத் தள்ளுபடி! பக்கத்து வீட்டுக்காரன் என் முகத்தைப் பார்க்காமலே போனான்.

தங்கச்சியை இனி நிம்மதியாகத் தூங்கச் சொல்லும். அவளுக்கு என் ஆசிகள். வயதில் இளையவர் என்றாலும் உமக்கு என் வணக்கம்.

இப்படிக்கு,
நிமிர்ந்த நெஞ்சுடன்,
அருந்தவன்

பி.கு.: இதை வாசித்த பத்மா, “உண்மையை எழுதாட்டி நானே போன் பண்ணிச் சொல்லுவன்” என்று என் தலைக்கு மேல் நிற்கிறாள். சரி. வழக்கு வென்றது சத்தியம். நீதவான் என் துண்டை வாசித்தார் என்றது மட்டும் என் கைச்சரக்கு. அதை அவர் ஏற்கவில்லை. என்னைத்தான் வெளியே அனுப்பினார். கோயில் கம்ப்யூட்டரிலிருந்து சுகிர்தன் எடுத்து வந்த பிரதியைத்தான் ஏற்றார்களாம். பிறகு நானும் பார்த்தேன்: மஞ்சள் பொட்டுக்கூட இல்லாத வெறுங் கடதாசி, பார்க்கவே சகிக்கவில்லை. அடுத்த கிழமை சுஜீதனின் விசாப் பத்திரங்கள் போகின்றன. எங்கே வைத்திருக்கிறான் என்று எனக்குச் சொல்கிறானில்லை. நீர் கேட்டு எழுதும், மச்சான். மஞ்சள் குழைத்து வைத்திருக்கிறேன்.