கத்தரியார் எடுத்த கல்யாணப் படம்

கத்தரியாரைப் போல எதையும் சுருக்கத் தெரிந்த மனிதர் உலகத்திலேயே இல்லை. விட்டால் பத்து நாள் கோயில் திருவிழாவை ஒரு பின்னேரத்தில் முடித்து, தேரையும் பூட்டிவிட்டுப் போயிருப்பார்.

எழுபதுகளில் சிட்னியில் ஒரு படக்கம்பெனியில் அவர் எடிட்டர், நான் உதவியாளன். ஜெர்மன்காரர். பட்டப்பெயர் நான் வைத்தது. அர்த்தம் சொன்னபோது பெருமைப்பட்டார். சூரிய அஸ்தமனம், கதாநாயகியின் கண்ணீர் எல்லாவற்றையும் ஈவிரக்கமில்லாமல் வெட்டித் தரையில் போடுவார். நான் வாயைத் திறந்தாலே, "முடிவைச் சொல்லும்!" என்பார். அவருடைய இங்கிலீசை யாழ்ப்பாணத் தமிழில் தருகிறேன், மன்னிக்கவும்.

இந்த மனிதருக்கு டைரக்டராகும் ஆசை பிடித்தது. ஒருவரும் நம்பிப் படம் கொடுக்கவில்லை. அகப்பட்டது என் கல்யாணம்.

மணப்பெண் சாந்தியின் தாயார் யாழ்ப்பாணத்தில் நோயாளி. பயணம் செய்ய ஏலாது. "தாலி ஏறுறதைக் கண்ணால பாத்தாத்தான் எனக்கு நிம்மதி" என்று சொல்லியிருந்தார். அதற்காகத்தான் படம். சாந்தி காலையிலிருந்தே அம்மாவை நினைத்து அழுதுகொண்டிருந்தாள்.

வாடகை மண்டபம். டேப் ரெக்கோடரில் கெட்டிமேளம். மூன்றாம் முடிச்சைப் போட்டேன்.

"கட்!" என்று கத்தினார் கத்தரியார், தோளில் கமராவோடு. "ஐயரின்ர முதுகு மறைச்சுப்போட்டுது. அவிழ்த்துப்போட்டு இன்னொருக்காக் கட்டும்!"

சபை விறைத்துப்போனது. ஐயர், வேலைநாளில் ரயில்வே இன்ஜினியர், துள்ளி எழுந்தார். "முருகா! தாலியை அவிழ்க்கிறதோ? உமக்கு விசரே?"

"சின்ன வேலைதானே!"

சாந்தி குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கத் தொடங்கிவிட்டாள். 'கட்' சொன்ன டைரக்டர் கமராவை நிறுத்த மறந்திருந்தார். அது அவளைப் பார்த்தபடி ஓடிக்கொண்டேயிருந்தது.

பிலிமைக் கழுவிப் போட்டுப் பார்த்தோம். தாலி கட்டும் இடத்தில் முழுக்க ஐயரின் முதுகு. "அம்மாவுக்கு இதையோ அனுப்புறது?" என்று சாந்தி விம்மினாள்.  கத்தரியார் எடிட்டிங் மேசைக்கு முன்னால் குந்தி, முதுகை வெட்டி எறிந்துவிட்டு அந்தச் சிரிப்பை ஒட்டினார். அதில் ஒரு துண்டுகூட வெட்டவில்லை. 

படம் போய்ச் சேர்ந்து அம்மா பார்த்த பிறகு, யாழ்ப்பாணத்திலிருந்து சாந்தியின் தம்பி டெலிபோனில் கூப்பிட்டான். "அக்கா, அம்மா தாலியைப் பற்றிக் கேக்கவே இல்லை. 'என்ர பிள்ளை அங்க சந்தோசமா இருக்கிறாள்' எண்டு ஊரெல்லாம் சொல்லுறா."

பிறகு கத்தரியார் உண்மையிலேயே டைரக்டரானார். படமோ ஜவ்வு! ஒரு முகத்தைக் காட்டினால் நாம் தேத்தண்ணி குடித்துவிட்டு வரலாம். ஜனம் பாதியில் எழும்பிப் போனது. நானும் சாந்தியும் மட்டும் கொட்டாவியை அடக்கிக்கொண்டு கடைசிவரை இருந்து கைதட்டினோம். எங்கள் கல்யாணத்துக்கு வந்த மனிதரல்லவா.