வெந்நீர்த் தொட்டியில் சொன்னது

ஹூசவீக்,
ஆடுகள் மலையிறங்கும் வாரம்.

அகுரேரியில் பெருவாழ்வு வாழும் ஹால்டோரா அக்காவுக்கு, தம்பி எர்லிங்குர் பணிவுடன் எழுதுவது. நானும் பூனையும் நலம். உன் முழங்கால் நலமா, அத்தானின் இருமல் நலமா? என் மகள் ஹில்டுர் என்னோடு தங்கி நலமாக இருப்பதுதான் இங்கே பிரச்சினை.

அவள் தொழில் உனக்குத் தெரியும். யார் வீட்டிலாவது கூடவே குடியிருந்து, அவர்கள் தாமாக மனம் திறக்கும்வரை காமிராவோடு காத்திருந்து ஆவணப்படம் எடுப்பாள். முதல் படத்தில் குதிரை வளர்க்கும் ஒரு விதவை அழுதாள், பரிசு வந்தது. இரண்டாவதில் பாதிரியாரே அழுதார், வெளிநாட்டுப் பரிசும் வந்தது. மூன்றாவதாக அழவேண்டியவன் நான். இந்தப் படம் கைக்கு வராவிட்டால் இனி வேறு ஆளைப் பார்ப்போம் என்று தொலைக்காட்சிக்காரர்கள் சொல்லிவிட்டார்களாம். பெற்ற பிள்ளையின் பிழைப்பாயிற்றே என்று சம்மதித்துத் தொலைத்தேன். அன்று முதல் உருளைக்கிழங்கு உரித்தால் காமிரா, உலர்மீனில் வெண்ணெய் தடவினால் காமிரா. "அப்பா, என் படத்தைப் பத்தியெல்லாம் உனக்கு என்ன தோணுது? மனசுல இருக்கறதைச் சொல்லேன்" என்கிறாள். "காத்து வடக்கே திரும்பிடுச்சு" என்கிறேன். அவள் காத்திருக்கிறாள். நானும் காத்திருக்கிறேன். காப்பி ஆறிப்போகிறது. துறைமுகத்தில் ஆயுசு முழுக்கக் கிரேன் உச்சியில் தனியாக உட்கார்ந்திருந்தவனிடமா மௌனப் போட்டி? எனக்கு வாய் திறக்கிற இடம் ஒன்றுதான்: காலையில் நீச்சல்குளத்து வெந்நீர்த் தொட்டி, கழுத்துவரை தண்ணீர், பக்கத்தில் சிநேகிதர்கள் ஸ்னோரியும் மீன்கடை ஆரியும். அங்கே காமிராவுக்கு அனுமதி இல்லை. "அப்படி என்னதான்ப்பா இருக்கு அந்தத் தண்ணில?" என்று கேட்டாள். "கந்தகம்" என்றேன்.

நேற்று குளத்தைவிட்டு வெளியே வருகிறேன், வாசல் பெஞ்சில் அந்த இரண்டு துரோகிகளும் ஈரத்தலையோடு காமிரா முன்னால் உட்கார்ந்து, நான் தொட்டியில் சொன்னதையெல்லாம் ஒப்பித்துக்கொண்டிருக்கிறார்கள்! தொட்டியில் பேசியது தொட்டியோடு என்பது நம்மூர் தர்மம் இல்லையா? "வாயை மூடுடா ஸ்னோரி!" என்று கத்தினேன். "அட, இவனுக்குத் தரையிலயும் பேச வருதே" என்கிறான் ஆரி. படமே வேண்டாம், என் சம்மதம் ரத்து என்று சொல்லிவிட்டேன். ஹில்டுர் முகம் வெளுத்துவிட்டது. "சரிப்பா" என்று காமிராவை மூடினாள். அந்த 'சரிப்பா' இன்னும் நெஞ்சில் உறுத்துகிறது. இருந்தாலும் சொன்னது சொன்னதுதான். நீயும் போன் போட்டு அவளுக்கு நாலு வார்த்தை சொல்.

அத்தானுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு ஆசி, உங்கள் நாய்க்கு முதுகில் ஒரு தட்டு.

மானம் போன தம்பி,
எர்லிங்குர்

பி.கு.: ஒட்டிய உறையைக் கிழித்து இதை எழுதுகிறேன். "ஒரு தடவை பார்த்துட்டு வேண்டாம்னு சொல்லு" என்று ஹில்டுர் அந்தப் பெஞ்சுக் காட்சியைப் போட்டுக் காட்டினாள். ஸ்னோரி சொல்கிறான்: "உன் படம் டிவில வந்தா மறுநாள் உங்கப்பன் தொட்டியில எங்களைப் பேசவே விடமாட்டான்மா. என் பொண்ணு, என் பொண்ணுன்னு ஒரே பாட்டு. அப்புறம் மூஞ்சில தண்ணிய அள்ளி அடிச்சுக்குவான், அழறது தெரியக்கூடாதாம்." பாவி சொன்னது அத்தனையும் உண்மை, அக்கா. "நெஜமாப்பா?" என்றாள். "காத்து தெக்கே திரும்பிடுச்சு" என்றேன். சிரித்துக்கொண்டே கட்டிக்கொண்டாள். போன் போடாதே. படத்தின் முதல் திரையிடல் உங்கள் ஊரில்தானாம். உன் வீட்டில் நான் விட்டுவந்த நீலக் கோட்டை இஸ்திரி போட்டு வை. கைக்குட்டை வேண்டாம், குளத்துத் துண்டையே கொண்டுவருகிறேன்.