காத்திருப்போர் கல்

பூமிக்கு அடியில் கிடைப்பது எதுவானாலும் அரசாங்கத்துக்குச் சொந்தம். பூமிக்கு மேலே காய்ந்து போவது எதுவானாலும் விவசாயிக்குச் சொந்தம். நிலக்கோட்டைப் பக்கத்தில் மல்லிகைத் தோட்டம் வைத்திருந்த ஆனந்தமேரி இந்த இரண்டு சட்டங்களையும் ஒரே கோடையில் படித்துத் தேறினாள்.

கிணற்றை ஆழப்படுத்தியபோது தண்ணீர் வந்தது. தண்ணீரோடு ஒரு கல்லும் வந்தது. தேங்காய் அளவு, பாசி நிறம். தூக்கி வந்த வேலையாள் அதை மடியில் வைத்தபடி, "ஒரு பீடி குடிச்சிட்டு வாரேன்" என்று வரப்பில் உட்கார்ந்தான். பொழுது சாய்ந்து கல்லைப் பிடுங்கி அவனை உலுக்கினால், "இப்பத்தானே உக்காந்தேன்" என்கிறான். பசி தெரியவில்லை. சம்சாரம் போனில் திட்டியதும் உறைக்கவில்லை. தொட்டுக்கொண்டிருக்கிற வரை நேரம் போவதே தெரியாது, அப்படிப்பட்ட கல்.

கிணற்றில் தண்ணீர் கிடந்து என்ன செய்ய? மோட்டாருக்குக் கரண்ட் வேண்டும். அதற்காக அவள் நடையாய் நடந்தது திண்டுக்கல் டவுனில் இருந்த வேளாண் மின்னிணைப்பு ஒருங்கிணைப்புச் சிறப்பு அலுவலகத்துக்கு. கல்லை நேரில் ஒப்படைத்தால் கையோடு கனெக்‌ஷன் கொடுத்துவிடுவார்கள் என்று அவளாக ஒரு கணக்குப் போட்டாள். ஆசை யாரை விட்டது?

சிறப்பு அலுவலர் மோகன்குமார் காலையில் கல்லின் மேல் கையை வைத்தார். பியூன் வந்து கையைப் பிடித்து எடுத்தபோது மதியச் சாப்பாட்டு நேரமும் தாண்டியிருந்தது. அவருக்கு ஞானம் பிறந்துவிட்டது.

"அம்மா, நாட்டுக்கே பெரிய சேவை செஞ்சிருக்கீங்க."

"சேவை இருக்கட்டும் சார். கரண்டு?"

"பரிசீலனையில இருக்கு. வெளிய உக்காருங்க."

மறுவாரமே அந்தக் கல், 'குடிமக்கள் பொறுமை மேம்பாட்டுக் கனிமம்' என்ற பெயரோடு காத்திருப்போர் கூடத்தில் பீடம் ஏறியது. அதில் ஒரு சங்கிலியைச் சுற்றி, உள்ளூர்ப் பூட்டாகப் பார்த்து ஒன்றைப் போட்டு, சங்கிலியைப் பெஞ்சு பெஞ்சாக இழுத்துவிட்டார்கள். சங்கிலியைப் பிடித்தாலே போதும், கல்லைப் பிடித்த மாதிரி. "எப்ப சார் முடியும்?" என்று கேட்ட வாயெல்லாம் இப்போது, "அதுக்குள்ள அஞ்சு மணியா?" என்று கேட்டது. தாமதம் என்பது ஓர் உணர்வு. அந்த உணர்வு எவருக்கும் இல்லாதபடியால் இவ்வலுவலகத்தில் தாமதம் இல்லை என்று மேலிடத்துக்கு அறிக்கை போனது. தாமதமே இல்லாத இடத்தில் மனுக்களைப் பிரித்துப் பார்க்க அவசரம் எதற்கு? பிரிக்கவில்லை. மோகன்குமாருக்கு விருது வந்தது.

ஊர் சும்மா இருக்குமா? செம்பட்டியிலிருந்தும் வடமதுரையிலிருந்தும் பஸ் பிடித்து வந்து உட்கார்ந்தார்கள். புது மாப்பிள்ளையும் பெண்ணும் சங்கிலியோடு செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள். ஜவுளிக்கடையில் 'காத்திருப்புப் பச்சை' என்று ஒரு சேலை வந்து ஒரே வாரத்தில் தீர்ந்துபோனது. மனு வைத்திருப்பவர்களுக்கு மட்டுமே அனுமதி என்று போர்டு மாட்டியதும், நிலமே இல்லாதவர்கள் கிணற்றுக்குக் கரண்ட் கேட்டு மனு எழுதினார்கள். மனு நிலுவையில் இல்லாத குடும்பத்தில் பெண் கொடுக்க யோசித்தார்கள்.

ஆனந்தமேரி மட்டும் சங்கிலியைத் தொடவில்லை. செடியில் இலை பழுத்து உதிர்வது அவள் கண்ணிலேயே நின்றது. பக்கத்தில் வடமதுரைத் தென்னந்தோப்புக்காரன் பாண்டியராஜ் கண்ணை மூடிச் சிரித்த முகமாக உட்கார்ந்திருந்தான்.

"அக்கா, செத்த நேரம் பிடிச்சுப் பாருங்க. சொகமா இருக்கும்."

"உன் தென்னைக்குத் தண்ணி பாஞ்சிருச்சா தம்பி?"

"இல்லக்கா."

"அது காயுறது உனக்குத் தெரியுதா?"

"தெரியல. அதுக்குத்தான பிடிச்சிருக்கேன்."

இதற்குள் மோகன்குமார் அவளை உள்ளே கூப்பிட்டார். "இம்புட்டுப் பேர்ல உங்க ஒருத்தருக்கு மட்டும்தாம்மா தாமதம் ஆகுது. ஏன் ஆகுதுன்னு எழுத்து மூலமா விளக்கம் கொடுங்க."

ஆத்திரத்தோடு வெளியே வந்தாள். கல்லுக்குக் காவல் போட்ட ஆளும் கல்லில் சாய்ந்துதான் உட்கார்ந்திருந்தான். அவன் இடுப்பிலிருந்து சாவியை எடுத்ததும் அவனுக்குத் தெரியவில்லை, பூட்டைத் திறந்ததும் தெரியவில்லை. உலுக்க ஆளில்லாததால் சங்கிலி பிடித்தவர்களும் கண் திறக்கவில்லை. கை படாமல் கல்லைப் பூச்சாக்கில் உருட்டி, நிலக்கோட்டைக்குத் திரும்பிய பூ வேனில் ஏற்றிக் கொண்டுபோய், கிணற்றடியில் வைத்துச் சம்மட்டியால் ஒரே போடு போட்டாள். கல் வெறும் சுண்ணாம்புத் தூளாகப் போனது.

அது உடைந்த நொடியில், சங்கிலி பிடித்தவர்களுக்குத் தெரியாமல் போன நேரமெல்லாம் மொத்தமாக வந்து சேர்ந்தது. மாதக்கணக்கான பசி, கால் வலி, பஸ் காசு, கடன்காரன் பேச்சு, எல்லாமும். மறுநாள் காலை அலுவலகத்தின் முன்னால் சாலை மறியல். செய்தி கேட்டு ஆனந்தமேரி பஸ் ஏறி ஓடினாள். வழியெல்லாம் ஜெபமாலையை உருட்டினாள், அவ்வளவு சந்தோஷம்.

பாண்டியராஜ் மைக்கைப் பிடித்திருந்தான். "எங்கள எம்புட்டுக் காலமா உக்கார வச்சிருக்காங்கன்னு இப்பத்தான் தெரியுது."

ஆனந்தமேரி கை தட்டினாள்.

"இது தெரியாம நிம்மதியா இருந்தோம். கல்லைத் திருப்பிக் கொடு."

கூட்டம் முழுக்கக் கை தட்டியது. மோகன்குமார் வெளியே வந்து, பொதுமக்களின் கோரிக்கை நியாயமானது, போர்க்கால அடிப்படையில் நிறைவேற்றப்படும் என்றார். சொன்னபடி செய்தும் காட்டினார். ஒரு கல் கிடந்த இடத்தில் இன்னொன்று கிடக்காதா? அன்று சாயங்காலமே ஆனந்தமேரியின் தோட்டத்தில் கம்பம் நட்டு, கம்பி இழுத்து, டிரான்ஸ்ஃபார்மரும் வைத்துவிட்டார்கள்.

"கரண்டு கேட்டீங்களேம்மா, வந்துருச்சு" என்றார் லைன்மேன்.

"என் மோட்டாருக்கா?"

"இல்லம்மா. கல்லு தோண்டுற மிஷினுக்கு."

மல்லிகைச் செடிகளைப் பிடுங்கியவர்கள் அலுவலக ஆட்கள் இல்லை. மறியல் செய்த ஜனம்தான், சொந்த மண்வெட்டியோடு வந்து, கூலி வாங்காமல் பிடுங்கியது.

"ஐயா, அது எம் பூவுய்யா" என்று ஆனந்தமேரி குறுக்கே போய் நின்றாள்.

பாண்டியராஜ் அவள் கையைப் பிடித்து ஓரமாக உட்கார வைத்தான். "கோவிச்சுக்காதீங்கக்கா. கல்லு கிடைச்சதும் முதல்ல உங்க கையிலதான் தருவோம். பெறகு ஒண்ணும் தெரியாது."

வேரோடு கிடந்த செடிகளை அவள் செத்த நேரம் பார்த்தாள். மிஷின் ஓட ஆரம்பித்தது. கரண்ட் ஒரு தடவைகூட விட்டுப் போகவில்லை.

"அங்க இல்ல தம்பி" என்றாள். "கிணத்துக்குள்ள வடக்கு ஓரமாத் தோண்டுங்க. அங்கதான் கெடந்துச்சு. வெரசாத் தோண்டுங்க."