மணிக்கூட்டுக் களவும் யாகப்புவின் நடிப்பும்

1937ஆம் ஆண்டு, இலங்கையின் புத்தளப் பக்கம், உச்சமுனைக்கு எதிர்க்கரையில் இருந்த பொலிஸ் நிலையத்தின் சுவர் மணிக்கூடு களவு போனது. என்ன நேரத்தில் போனது என்று எழுதவேண்டிய இடத்தைப் பொலிசார் வெறுமையாக விட்டார்கள். நேரம் பார்க்கிற சாமானே போய்விட்டால் அவர்கள்தான் என்ன செய்வார்கள்?

ஒரு வருடம் கழித்து டி வோஸ் துரை கொழும்பிலிருந்து கமராவோடு வந்திறங்கினார். உண்மையில் நடந்த குற்றங்களை உள்ளபடியே படம்பிடிப்பது அவர் தொழில். கொழும்புப் பெரிய மனிதர்கள் அப்போது தேநீரோடு களவும் கொலையும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அதுதான் புது நாகரிகம்.

கள்ளன் இன்னும் பிடிபடாததால், கள்ளனாக நடிக்க ஓர் ஆள் தேவைப்பட்டது. கரையில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த மீனவன் யாகப்புவை இன்ஸ்பெக்டர் கூப்பிட்டார்.

"நான் ஒண்டும் எடுக்கேல்லையே, ஐயா!"

"அது எனக்குத் தெரியும். எடுத்த மாதிரி நடி. அரசாங்கத்துக்கு ஒத்துழைப்பு."

துரை மட்டையில் ஒரு மணிக்கூடு செய்து, முள்ளைப் பத்து மணியில் ஒட்டினார். யாகப்பு நுனிக்காலில் நடந்து, கதவைத் திறந்து, மட்டையைச் சாரத்துக்குள் ஒளித்தான். நாலு தரம் எடுத்தார்கள். நாலாம் தரம் துரையே "பிரமாதம்" என்றார். யாகப்புவை வாழ்நாளில் யாரும் அப்படிச் சொன்னதில்லை.

படத்தைப் புத்தளத்தில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டினார்கள். முன்வரிசையில் இருந்த வெள்ளைக்கார மேலதிகாரி எழுந்து, "கள்ளனின் முகம் இவ்வளவு தெளிவாகத் தெரிகிறதே, ஏன் இன்னும் பிடிக்கவில்லை?" என்று கேட்டார்.

இன்ஸ்பெக்டரிடம் கள்ளன் இருக்கவில்லை. யாகப்புதான் இருந்தான். அன்றிரவே அவனைப் பிடித்து உள்ளே போட்டார்.

யாகப்புவின் மனைவி பவுலினா நிலையத்துக்கு ஓடிவந்தாள். "களவு நடந்த அண்டைக்கு இவர் காய்ச்சலில என்ர பக்கத்தில கிடந்தவர், ஐயா. நான் கண்ணால கண்டனான்."

"நீ கண்டதைத் துணி கட்டி நாலு பேருக்குக் காட்ட முடியுமா?" என்றார் இன்ஸ்பெக்டர். "கமரா கண்டதைக் காட்டலாம்."

தச்சன் நிக்கொலஸுக்கு மனம் பொறுக்கவில்லை. உண்மையில் எடுத்தவன் அவன்தான். மணிக்கூட்டைச் சாக்கில் சுற்றிக் கொண்டுவந்து மேசையில் வைத்தான்.

"நான்தான் களவெடுத்தனான். அவனை விடுங்க, ஐயா."

இன்ஸ்பெக்டர் அதை உருட்டிப் பிரட்டிப் பார்த்தார். "படத்தில் மணி பத்து. இது நாலேகால் காட்டுகிறது. இது அந்த மணிக்கூடு அல்ல. எங்கே, கள்ளன் மாதிரி நடந்து காட்டு."

நிக்கொலஸ் நடந்தான்.

"உனக்கு வராது, போ."

பொய் வாக்குமூலம் கொடுத்து அரசாங்கத்தின் பொன்னான நேரத்தை வீணாக்கியதற்காக அவனை எச்சரித்து, மணிக்கூட்டையும் கையில் கொடுத்து அனுப்பிவைத்தார். யாகப்புவுக்கு மூன்று மாத மறியல் தண்டனை கிடைத்தது.

அவன் விடுதலையாகி வந்த அன்று ஊரே அவன் வீட்டு முற்றத்தில் கூடியது. ஆறுதல் சொல்வதற்கல்ல.

"அந்தக் கதவைச் சத்தமில்லாமல் எப்பிடியடா திறந்தனீ?" என்று கேட்டார் பக்கத்து வீட்டு அன்ரனிப்பிள்ளை.

"நான் எடுக்கேல்லை, அண்ணை!"

எல்லோரும் சிரித்தார்கள். யாகப்பு மறுபடி மறுபடி சொல்லிப் பார்த்தான். ஒருவரும் எழுந்து போகவில்லை. இன்னும் கிட்ட வந்து இருந்தார்கள். இத்தனை பேர் தன் வாயைப் பார்த்துக்கொண்டிருப்பது அவனுக்குப் புதிது. கடைசியில் தொண்டையைச் செருமினான்.

"முதல்ல கதவைக் கொஞ்சம் மேல தூக்கிப் பிடிக்க வேணும்..."

கேட்டுக்கொண்டு நின்ற பவுலினா உள்ளே போனாள். அலுமாரியைப் பூட்டி, திறப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள்.