ஹாலுக்குப் போன தலையணை

காப்பிப் பொடி டப்பாவைக் காணவில்லை. டைலரம்மா சமையலறையைத் தலைகீழாகப் புரட்டிவிட்டு ஹாலைப் பார்த்துக் கத்தினாள்.

"டப்பா எங்கேங்க?"

"காப்பி எதுக்கு இப்போ? தண்ணி குடியேன்," என்றார் பஸ் டிரைவரான அவள் கணவர், சோபாவிலிருந்த தன் தலையணையைத் தட்டியபடி.

அந்தத் தலையணைதான் அவள் நெஞ்சை அறுத்தது. கல்யாணமான நாளிலிருந்து பக்கத்தில் படுத்த மனுஷன், போன வாரம் திடுதிப்பென்று ஹாலுக்குக் குடிபோய்விட்டார்.

ஏன் போகமாட்டார்? இப்போதெல்லாம் அவளுக்கே அவளைப் பிடிக்கவில்லை. சும்மா உட்கார்ந்திருக்கும்போதே நெஞ்சிலிருந்து குப்பென்று சூடு ஏறி, வியர்த்துக் கொட்டியது. தூக்கம் இல்லை. மறதி வேறு, ஒரு சட்டைக்கு இரண்டு கையையும் ஒரே பக்கம் வைத்துத் தைத்துவிட்டாள். "என்னம்மா ஆச்சு?" என்று அவர் கேட்டதற்கு வள்ளென்று விழுந்தாள்.

"என் உடம்பைப் பத்தி வெளியில மூச்சு விட்டீங்க, அவ்வளவுதான்!"

அவர் யாரிடமும் மூச்சு விடவில்லை. ஹாலுக்குத்தான் போனார்.

ஃபேன் குளிர் தாங்காமல்தான் போயிருப்பார் என்று அதை நிறுத்தி, "உள்ளே வாங்க," என்று கூப்பிட்டாள். வந்தார். ஃபேனை முழு வேகத்தில் வைத்தார். திரும்பிப் போய்விட்டார்.

மறுநாள் பளபளவென்று ஒரு நைட்டி தைத்துப் போட்டுக்கொண்டு முன்னால் போய் நின்றாள்.

"இது வேண்டாம். அந்தப் பழைய பருத்தி நைட்டியையே போட்டுக்கோ. அப்புறம், சாயங்காலம் நடக்கப் போகலாமா?"

"குண்டாயிட்டேன்னு நேராச் சொல்லித் தொலைங்களேன்!"

இன்றைக்கு டப்பாவும் போயாயிற்று. தரையிலேயே உட்கார்ந்து அழுதாள்.

"என்னைப் பிடிக்கலைன்னா சொல்லிடுங்க. இப்படிக் கொஞ்சம் கொஞ்சமா விலகாதீங்க."

அவர் பதறிப்போனார். "ஐயோ, அதெல்லாம் இல்லைம்மா. எழுந்திரு, டாக்டர்கிட்ட போகலாம்."

"பைத்தியம்னே முடிவு பண்ணிட்டீங்களா?" என்றாள். ஆனாலும் போனாள். அவர் வெளியிலேயே உட்கார்ந்துகொண்டார்.

டாக்டரம்மா எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார்.

"மாதவிடாய் நிக்கிற நேரம்மா இது. நோய் இல்லை. சூடு, கோபம், மறதி, அழுகை எல்லாம் இதுல வர்றதுதான். காப்பியைக் குறைச்சுப் பாருங்க. பருத்தித் துணி போடுங்க. படுக்கிற இடத்துல நல்லா காத்து வரட்டும், பக்கத்துல யாரும் ஒட்டிப் படுக்க வேண்டாம். தினம் நடங்க. அதுக்கும் அடங்கலைன்னா மருந்து இருக்கு, யோசிச்சுத் தரேன்."

டைலரம்மா வாயைப் பிளந்தாள்.

"டாக்டர், இதையெல்லாம் அவர் ஏற்கனவே..."

அதற்குள் நர்ஸ் கதவைத் திறந்து தலையை நீட்டினாள்.

"டாக்டர், போன வாரம் தனக்குத்தான் மாதவிடாய் நிக்குதுன்னு சாதிச்சாரே ஒரு டிரைவர், அவர் மறுபடி வந்திருக்கார். காலையிலேருந்து அவருக்கு அழுகையும் வருதாம், அதுக்கு என்ன பண்ணணும்னு கேக்கிறார்!"